இடது ஓரத்தில் ஒரு கட்டைவிரல்

அவளுடைய பெயரை எழுதப் போவதில்லை. ஒரு வாரம் இந்த ஊரில் பாதிப் பேர் கட்டைவிரலால் தேய்த்த பெயர் அது. தேய்த்தவர்களில் நானும் ஒருவன். மிச்சமிருப்பதையாவது விட்டுவைக்கலாம்.

திருப்பூரில் நல்லூர்ப் பக்கம் ஒரு சின்னப் பனியன் கம்பெனி. நான் அங்கே பேக்கிங் சூப்பர்வைசர். அட்டைப்பெட்டிகளை அடுக்குவது ஒரு வேலை, ஆட்களைச் சிரிக்க வைப்பது இன்னொரு வேலை. இரண்டாவதற்குச் சம்பளம் கிடையாது, பெயர் உண்டு. கம்பெனியில் எல்லோருக்கும் பட்டப்பெயர் வைத்தவன் நான்தான். முதலாளிக்கும் வைத்திருக்கிறேன். இப்போதும் அங்கேயே வேலை பார்ப்பதால் அதை இங்கே எழுத முடியாது.

அவள் செக்கிங்கில் இருந்தாள். தைத்து முடிந்த துணியை மேசையில் விரித்து, ஓட்டை, எண்ணெய்க் கறை, விட்டுப்போன தையல் எல்லாம் தேடுகிற வேலை. குறை கண்டால் அந்த இடத்தில் ஒரு சின்னச் சிவப்பு அம்பு ஸ்டிக்கரை ஒட்ட வேண்டும். மற்ற பெண்கள் குறைக்குப் பக்கத்தில் எங்காவது ஒட்டிவிட்டு அடுத்த துணிக்குப் போய்விடுவார்கள். இவள் மட்டும் அம்பின் முனை குறையைத் தொடுகிற மாதிரி வைத்து, நகத்தால் ஒரு தேய்ப்புத் தேய்ப்பாள். ஏன் இவ்வளவு மெனக்கெடல் என்று ஒரு தடவை கேட்டேன். ஓட்டை ஓரிடத்தில், அம்பு இன்னோரிடத்தில் இருந்தால் ஆல்டரேஷன் தைக்கிறவர் நல்ல இடத்தைப் பிரித்துத் தைத்துவிடுவார் என்றாள். அப்போது அது எனக்குத் தொழில் பேச்சாகத்தான் பட்டது.

மிஞ்சிய ஸ்டிக்கர்களை இடது மணிக்கட்டில் வளையல் மாதிரி வரிசையாக ஒட்டி வைத்திருப்பாள். அவை துணிக்கு மட்டும் போவதில்லை. கிழிக்காத காலண்டரில் அம்பு இருக்கும். தண்ணீராய் வந்த டீயின் கேன் மேல் அம்பு இருக்கும். ஒருநாள் நான் நாற்பது நிமிடம் தாமதமாக வந்து, வண்டி பஞ்சரான கதையைக் கை காலெல்லாம் ஆட்டி நடித்துக் காட்டினேன். செக்‌ஷனே சிரித்தது. அவளும் சிரித்தாள். சாயங்காலம் வண்டியை எடுக்கப் போனால் பின் டயரில், முந்தின நாள் மழைச் சேறு காய்ந்து அப்படியே ஒட்டியிருந்த இடத்தில், ஒரு சிவப்பு அம்பு. பஞ்சர் ஒட்டிய டயரில் சேறு எப்படி அலுங்காமல் இருக்கும்? யாரிடமும் அவள் சொல்லவில்லை. ஒட்டியதோடு சரி.

பெண்கள் கழிப்பறைக் கதவுக்கு இரண்டு மாதமாகத் தாழ்ப்பாள் இல்லாமல் இருந்தது. ஒருத்தி உள்ளே போனால் இன்னொருத்தி வெளியே காவல் நிற்பாள். சொல்லிச் சொல்லிப் பார்த்து விட்டுவிட்டார்கள். இவள் ஒவ்வொரு நாளும் தாழ்ப்பாள் இருந்த ஓட்டையைச் சுற்றி ஒரு அம்பு ஒட்டிக்கொண்டே வந்தாள். சரக்கு வாங்குகிற வெளிநாட்டுக் கம்பெனியின் சென்னை அலுவலகத்து மேடம் ஒருநாள் தணிக்கைக்கு வந்தபோது கதவில் ஒரு சிவப்புச் சூரியன் உதித்திருந்தது. மேடம் அதன் முன்னால் நின்று தலையைச் சாய்த்துப் பார்த்தார். ஒரு மணி நேரத்தில் தாழ்ப்பாள் வந்தது. நான் அவளுக்கு 'அம்பு' என்று பெயர் வைத்தது அன்றைக்குத்தான்.

ஆளைப் பார்ப்பதும் துணியை விரித்துப் பார்ப்பது போலத்தான். நான் ஜோக் சொல்லும்போது எல்லோரும் என் வாயைப் பார்ப்பார்கள். அவள் என் கண்ணைப் பார்ப்பாள். எனக்கு அது கொஞ்சம் கூச்சமாகவே இருக்கும்.

ஊத்துக்குளி தாண்டி ஒரு கிராமம் அவளுக்கு. அப்பா இல்லை. அம்மா இரண்டு எருமை வைத்து வெண்ணெய் விற்பவர். இருபத்து மூன்று வயதில் சொந்தச் சம்பளத்தில் ஒரு போன் வாங்கி, அதில் ஒரு இன்ஸ்டாகிராம் கணக்குத் திறந்திருந்தாள். அம்மா போட்ட நிபந்தனை ஒன்று: முகம் தெரியக் கூடாது. ஆகவே அதில் எருமை வரும், அடுக்கிய நூல் கோன்கள் வரும், கம்பெனி வேன் ஜன்னலில் ஓடுகிற தென்னைமரம் வரும், எல்லாவற்றிலும் ஓரமாக அம்பு ஒட்டிய ஒரு மணிக்கட்டு வரும். பார்க்கிறவர்கள் எண்பது பேர் இருக்கலாம். அதில் நானும் உண்டு.

ஒருநாள் மதியச் சாப்பாட்டு நேரம். வெள்ளை டி-ஷர்ட் ஆர்டர் ஓடிக்கொண்டிருந்தது. ஒவ்வொரு பாக்கெட்டிலும் ஒரு அட்டை வைக்க வேண்டும். அதில் ஒரு வெள்ளைக்காரப் பெண் அதே டி-ஷர்ட்டைப் போட்டு, இடுப்பில் கைவைத்து, நாடியைத் தூக்கி நிற்பாள். இவள் தான் கழித்துப் போட்ட ஒரு துணியை எடுத்துச் சுடிதாரின் மேலேயே மாட்டிக்கொண்டு, இரண்டு மேசைகளுக்கு நடுவில் அந்த அட்டைப் பெண் மாதிரி நடந்து காட்டினாள். நெஞ்சில் இருந்த சிவப்பு அம்பைக்கூட எடுக்கவில்லை. பெண்கள் கைதட்டினார்கள். பத்து விநாடி. அவ்வளவுதான்.

அந்தப் பத்து விநாடியை யாரோ மறைந்திருந்து எடுத்திருக்கிறார்கள். கம்பெனிப் பெண்களை அவர்களுக்குத் தெரியாமல் எடுத்துப் போடுவதற்கென்றே ஒரு பக்கம் அப்போது இன்ஸ்டாகிராமில் ஓடிக்கொண்டிருந்தது. அதில் அவள் நடை மெதுவாக்கப்பட்டு, ஒரு கேவலமான பாட்டோடு, 'கம்பெனிக்குப் போற பொண்ணுங்க லட்சணம்' என்ற தலைப்போடு வந்தது. முகம் பளிச்சென்று தெரிந்தது. ஊர்ப் பெயரையும் அவள் பெயரையும் கீழே யாரோ புண்ணியவான் எழுதியிருந்தான்.

மறுநாள் காலை பதினொன்றரைக்கு அது ஒரு நண்பன் வழியாக வாட்ஸ்அப்பில் என் கைக்கு வந்தது. ஆள் யாரென்று தெரியாமல் செய்துவிட்டேன் என்று எழுத ஆசையாக இருக்கிறது. தெரிந்தது. பார்த்தவுடன் தெரிந்தது. ஆனால் ஜோக் அடிக்கிறவனுக்கு ஒரு நோய் உண்டு. வசனம் முதலில் வந்துவிடும். புத்தி பின்னால் டவுன் பஸ்ஸில் வரும். வீடியோவின் கீழே நான் டைப் அடித்தது இது:

'செகண்ட்ஸ் சரக்கு. மாப்பிள்ளை வீட்டார் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து எடுக்கவும்.'

அடித்து, ரசித்து, அனுப்பினேன். நண்பர்களுக்கு. அதாவது, நண்பர்கள் குரூப்புக்கு என்று நினைத்து. காலையிலிருந்து அட்டைப்பெட்டிப் படங்களைக் கம்பெனியின் ஷிப்மென்ட் குரூப்பில் போட்டுக்கொண்டிருந்த விரல் அது. பழக்கத்தில் அங்கேயே போட்டுவிட்டது. அந்தக் குரூப்பில் முதலாளி உண்டு, எல்லா செக்‌ஷனும் உண்டு, சென்னை மேடம் உண்டு. குறையுள்ள துணியைப் படம் எடுத்து அனுப்புவதற்காக அவளும் உண்டு.

சரியான குரூப்பில் போட்டிருந்தால் எனக்கு வியர்த்தே இருக்காது. இதில் அசிங்கமான பகுதி அதுதான்.

பார்த்தவர்கள் பட்டியலில் பெயர்கள் ஒவ்வொன்றாக ஏற ஆரம்பித்தன. அழிக்கப் போனேன். இரண்டு வழி காட்டியது. அவசரத்தில் 'எனக்கு மட்டும் அழி' என்பதை அழுத்தினேன். என் போனில் சுத்தமாகப் போய்விட்டது. அப்பாடா என்று மூச்சு விட்டு, தையலில் இருந்த பீகார்க்காரத் தம்பியிடம் போனைக் காட்டி, போய்விட்டதல்லவா என்று கேட்டேன். போன் விஷயத்தில் அவன்தான் எங்களுக்கு வைத்தியன். அவன் தன் போனைப் பார்த்தான், என் போனைப் பார்த்தான், பிறகு என்னைப் பரிதாபமாகப் பார்த்தான்.

"அண்ணா, உங்கள்து மட்டும் போச்சு. எல்லார்து இருக்கு."

துணி உருளைகள் அடுக்கிய குடோனில் போய் ஒளிந்தேன். போனைத் தண்ணீர்த் தொட்டியில் போட்டுவிடலாமா என்று யோசித்தேன். போட்டால் என் போன்தான் சாகும், ஊர் போன் சாகாது என்று பிறகு தோன்றியது. ஹேக் பண்ணிவிட்டார்கள் என்று சொல்லலாம். ஆனால் திருப்பூரில் அட்டைப்பெட்டி அடுக்குகிறவனை ஹேக் பண்ணி செகண்ட்ஸ் ஜோக் அடிக்கிற அளவுக்கு வெளிநாட்டுத் திருடனுக்கு என்ன வேலைப் பஞ்சம்? நெஞ்சுவலி வந்தால் நன்றாக இருக்கும் என்று நெஞ்சைத் தடவிப் பார்த்தேன். சனியன், கல்லு மாதிரி இருந்தது.

பதினைந்து நிமிடத்தில் குரூப்பில் ஒரு படம் வந்தது. அவள் அனுப்பியது. தன் போன் திரையில் என் செய்தியைத் திறந்து வைத்து, அதன் மேலிருக்கும் என் பெயரில் முனை தொடும்படி ஒரு சிவப்பு அம்பை ஒட்டி, பக்கத்து மேசைப் பெண்ணின் போனில் படம் எடுத்திருந்தாள். குறையுள்ள துணிக்கு வழக்கமாக எழுதுகிற அதே வாசகம் கீழே:

'மேஜர் டிஃபெக்ட். ஆல்டரேஷனுக்கு அனுப்பவும்.'

அதுவரை என் ஜோக்குக்குச் சிரித்த முகங்களைப் போட்டிருந்த பதினேழு பேரும் அவசர அவசரமாக அவற்றை எடுத்தார்கள். சென்னை மேடம் ஒரே ஒரு கேள்விக்குறி போட்டார். முதலாளியை எழுப்பியது அந்தக் கேள்விக்குறிதான்.

மூன்று மணிக்கு அவளுடைய அம்மா வந்துவிட்டார். முதலாளி போன் போட்டு வரச் சொல்லியிருந்தார். கையில் ஒரு தூக்குப்போசி நிறைய வெண்ணெய். பெரிய மனிதர்களிடம் கெஞ்சப் போகும்போது வெறுங்கையோடு போகக்கூடாது என்று அவருக்குத் தோன்றியிருக்க வேண்டும். போசியை முதலாளியின் மேசையில் வைத்துவிட்டு, உட்காரச் சொல்லியும் உட்காராமல் சுவரோரம் நின்றார். ஊரில் அதற்குள் நாலு பேர் வாசலுக்கு வந்து விசாரித்துவிட்டுப் போயிருந்தார்கள். மகளை இன்றைக்கே கூட்டிக்கொண்டு போய், போனைக் கிணற்றில் போட்டுவிட வேண்டும் என்பதுதான் அவர் வந்த திட்டம்.

என்னையும் கூப்பிட்டார்கள். நான் போசிக்குப் பின்னால் மறைய முடியுமா என்று பார்த்தபடி நின்றேன்.

முதலாளி நல்ல மனிதர். மெதுவாகத்தான் பேசினார். "கண்ணு, உன்மேல தப்புன்னு நான் சொல்லலை. ஒரு பத்து நாள் ஊட்ல இரு. எல்லாம் அடங்கட்டும்."

பத்து நாள் வீட்டில் இரு என்றால் எங்கள் ஊரில் என்ன பொருள் என்று அங்கே நின்ற எல்லோருக்கும் தெரியும். பதினோராம் நாள் அந்த மேசையில் வேறொருத்தி நிற்பாள்.

"தப்பு என்மேல இல்லீங்கன்னா நான் ஏனுங்க ஊட்ல இருக்கோணும்?" என்றாள் அவள்.

அம்மா அவள் துப்பட்டாவைப் பிடித்து இழுத்தார். அவள் நகரவில்லை. போனை எடுத்து மேசைமேல் வைத்து, சத்தத்தை நிறுத்திவிட்டு, அந்த வீடியோவை ஓட்டினாள். முதலாளி ஜன்னலைப் பார்த்தார். நான் என் செருப்பைப் பார்த்தேன். அம்மா கண்ணை மூடிக்கொண்டார். அந்த வீடியோ யாரைக் காட்டியதோ அவள் ஒருத்திதான் அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பார்க்கச் சொன்னாள். காலையிலிருந்து நாற்பது தடவை பார்த்திருக்கிறாளாம். துணியைப் பார்ப்பது போல ஓரத்திலிருந்து ஆரம்பித்தாளாம். இடது ஓரத்தில் கறுப்பாக ஒன்று தொங்குகிறதா? ஸ்டீம் அயர்ன் பெட்டியின் ஓஸ் குழாய். அதில் நீல டேப் சுற்றியிருக்கிறதா? கம்பெனியில் நீல டேப் சுற்றிய ஓஸ் ஒன்றே ஒன்றுதான்.

அது தொங்குவது அயர்னிங் இன்சார்ஜின் மேசையில். எடுத்தவர் அங்கே நின்றுதான் எடுத்திருக்க வேண்டும். அவர் முதலாளிக்குத் தூரத்துச் சொந்தம். என் ஜோக்குக்கு முதலில் சிரித்த முகம் போட்டவரும் அவரே. கூப்பிட்டுக் கேட்டபோது விளையாட்டுக்கு என்றார். அந்தப் பக்கத்தில் மற்ற வீடியோக்களின் ஓரத்திலும் இதே நீல டேப் தெரிகிறதே, அதை நடத்துவதும் விளையாட்டுக்குத்தானா என்று அவள் கேட்டாள். அவர் சொந்தக்காரரின் முகத்தைப் பார்த்தார்.

எல்லோரும் அவரைப் பார்க்கிறார்களே, நாம் தப்பித்தோம் என்று கதவுப் பக்கம் அரை அடி நகர்ந்திருப்பேன்.

"அண்ணன் எழுதுனதையும் வாய்விட்டுப் படிக்கச் சொல்லுங்க," என்றாள்.

என் போனில் அது இல்லை, அழிந்துவிட்டது என்றேன். அன்றைக்கு நான் சொன்ன ஒரே உண்மை. அவள் தன் போனை நீட்டினாள். திரையில் அந்த அம்பு இன்னும் என் பெயரைத் தொட்டுக்கொண்டிருந்தது.

படித்தேன். மேடையில்லாமலே ஊரைச் சிரிக்க வைத்த குரல் என்னுடையது. அன்றைக்கு அது எலி கீச்சிடுவது போல வந்தது. படித்து முடித்ததும் அம்மாவுக்கு ஒரு சந்தேகம். அவர் வெண்ணெய்க்காரர், பனியன் தொழிலின் வார்த்தை அவருக்குத் தெரியாது.

"செகண்ட்ஸுன்னா என்னங்க?" என்று என்னிடம் கேட்டார்.

நான்தான் சொல்ல வேண்டியிருந்தது.

"கொறை இருக்கற துணிங்க. வெளிநாட்டுக்குப் போகாது. இங்கயே வெலை கொறச்சு விக்கறதுங்க."

அவர் அதைக் கேட்டுக்கொண்டார். கோபம்கூட இல்லை. தெரிந்துகொள்கிறவர் மாதிரி நிதானமாக அடுத்ததைக் கேட்டார்.

"எம்புள்ளகிட்ட என்ன கொறைங்க கண்டீங்க?"

எத்தனையோ பேருக்கு எதிர்ப்பேச்சு அடித்திருக்கிறேன். அன்றைக்கு அவளுடைய போனை அவளிடமே திருப்பிக் கொடுத்தேன்.

இந்த இடத்தில், எனக்கும் ஒரு மகள் இருக்கிறாள் என்று எழுதிக் கண்ணைத் துடைத்துக்கொண்டால் பொருத்தமாக இருக்கும். எனக்கு மகன்தான். அவனும் அந்த வீடியோவைப் பார்த்துச் சிரித்திருந்தான் என்பது அன்று வீட்டுக்குப் போனபிறகு தெரிந்தது.

முதலாளி தொண்டையைச் செருமி, இனி என்ன செய்வது என்று பொதுவாகக் கேட்டார். அவள் யோசிக்கவே இல்லை.

"அந்தப் பத்து நாளை அவருக்குக் குடுத்துருங்க," என்று இன்சார்ஜைக் காட்டினாள்.

"இவனுக்கு?" என்று என்னைக் காட்டினார் முதலாளி.

"அண்ணனுக்கு வேற வேலை இருக்குதுங்க. பொறவு சொல்றேன்."

அம்மா சுவரை விட்டு வந்தார். மேசையிலிருந்த போசியைத் தூக்கினார். முதலாளி அதைப் பெற்றுக்கொள்வதற்காகப் பாதி எழுந்தேவிட்டார். அம்மா அதை மகளின் கையில் கொடுத்து, கூட வேலை செய்கிற பிள்ளைகளுக்குச் சோற்றில் போட்டுக் கொடு, போசியை மறக்காமல் கொண்டுவா என்று சொல்லிவிட்டு, பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டதென்று கிளம்பினார். மகளைக் கூட்டிக்கொண்டு போகவில்லை. கிணற்றைப் பற்றியும் பேச்சில்லை.

அதோடு எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைக்க வேண்டாம். இன்சார்ஜ் ஏழாம் நாளே திரும்பி வந்தார், சொந்தம் அல்லவா. ஆனால் அவருடைய மேசை சுவரைப் பார்த்துத் திரும்பியிருந்தது. யார் திருப்பிப் போட்டது என்று கேட்டார். முப்பது பெண்களும் துணியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இன்ஸ்டாகிராமில் அந்தப் பக்கம் காணாமல் போனது, ஆனால் வீடியோ ஊர்ப் போன்களிலிருந்து போகவில்லை. வேன் நிற்கிற இடத்தில் நாலு பையன்கள் அந்தக் கேவலமான பாட்டைப் பாடுவார்கள். ஒருநாள் அவள் வேனிலிருந்து இறங்கி நேராக அவர்கள் முன்னால் போய் நின்று, பாதியில் நிறுத்தாமல் முழுசாகப் பாடச் சொன்னாளாம். அவர்களுக்கு அடுத்த வரி தெரியவில்லை. அடுத்த வரி தெரிகிறவரை காத்திருக்கிறேன் என்று கைகட்டி நின்றாளாம். வேனில் இருந்த பெண்கள் சொல்லிச் சொல்லிச் சிரித்தார்கள். பேக்கிங்கில் நான் சொல்கிற எதற்கும் அந்த நாட்களில் யாரும் சிரிக்கவில்லை. நானும் அதிகம் சொல்லவில்லை.

எனக்கென்று சொன்ன அந்த வேலை என்ன என்ற பயம் மட்டும் போகவில்லை. மன்னிப்புக் கடிதமா, காலில் விழுவதா என்று தினமும் ஒன்றை ஒத்திகை பார்த்தேன். பத்தாம் நாளோ என்னவோ, மதியச் சாப்பாட்டு நேரத்தில் கூப்பிட்டாள். அதே வெள்ளை டி-ஷர்ட் ஆர்டரில் கழிந்த ஒரு துணியைச் சுடிதாரின் மேல் போட்டிருந்தாள். நெஞ்சில் அதே மாதிரி ஒரு அம்பு. தன் போனை என் கையில் கொடுத்தாள்.

"முன்னாடி நின்னு எடுங்கண்ணா. ஒளிய வேண்டாம்."

அதுவரை எருமையும் மணிக்கட்டும் மட்டுமே வந்த அவளுடைய கணக்கில் போடுவதற்காம். முகத்தோடு. வேண்டாம் கண்ணு, இப்போதுதான் கொஞ்சம் அடங்கியிருக்கிறது, அம்மா என்ன சொல்வார்கள் என்றேன்.

"அம்மாகிட்டக் கேட்டுட்டனுங்க. தலையச் சீவிட்டு எடுன்னாங்க."

நடந்தாள். அதே இரண்டு மேசைகளுக்கு நடுவில், இடுப்பில் கைவைத்து, நாடியைத் தூக்கி. அட்டையில் இருந்தவளை இந்தத் தடவை பின்பற்றிய மாதிரி தெரியவில்லை. நேரே என் கையிலிருந்த போனைப் பார்த்துக்கொண்டே வந்தாள். நான் இரண்டு கையாலும் பிடித்திருந்தேன்.

எடுத்ததை ஜன்னல் பக்கம் கொண்டுபோய், துணி பார்க்கிற அதே நிதானத்தில் ஓரத்திலிருந்து பார்த்தாள்.

"அண்ணா, உங்க வெரல் உழுந்திருக்குது."

மறுபடி எடுத்துத் தருகிறேன் என்றேன். அவள் திரையை இரண்டு விரலால் விரித்து, அந்த ஓரத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"வேண்டாங்க. இருக்கட்டும். யாரு எடுத்தாங்கன்னு தெரியட்டும்."

அடுத்த வருடம் அவள் அருள்புரத்தில் ஒரு பெரிய கம்பெனிக்குத் தர ஆய்வாளராகப் போய்விட்டாள். போகும்போது என் மேசைக்கு வந்து, இரண்டு சுருள் அம்பு ஸ்டிக்கரைக் கொடுத்துவிட்டுப் போனாள். பயன்படும் என்றாள்.

அந்த வீடியோ இன்னும் அவள் கணக்கில் இருக்கிறது. கீழே நல்லதும் எழுதியிருக்கிறார்கள், நாற்றமும் எழுதியிருக்கிறார்கள்; எதையும் அவள் அழிக்கவில்லை. முதல் வீடியோவில் ஓஸ் தொங்கிய அதே இடது ஓரத்தில், கொழுகொழுவென்று ஒரு கட்டைவிரல், நகத்தில் அட்டைப்பெட்டி ஒட்டுகிற பசையோடு, தொடக்கம் முதல் கடைசிவரை இருக்கும்.

போன வாரம் யாரோ புதிதாகப் பார்த்த ஒருவர் கீழே கேட்டிருந்தார்: 'அந்த ஓரத்துல இருக்கற வெரல் யாரோடது?'

என் சொந்தப் பெயரில் இருக்கிற கணக்கிலிருந்து, 'என்னுடையது' என்று டைப் அடித்தேன். சரியான இடத்தில்தான் போடுகிறேனா என்று மூன்று தடவை பார்த்துவிட்டு அனுப்பினேன்.